செருப்புக் காணிக்கை

அன்புள்ள பேத்திக்கு, ஆச்சி எழுதுவது.

மணிப்பூரின் மெய்தெய் மக்கள் கதை ஒன்றைப் படித்தேன், கடைசியில் 'நீதி' என்று ஒரு வரி போட்டிருந்தது என்று எழுதியிருந்தாய். அடுப்படியில் உட்கார்ந்து பிள்ளைகளுக்குச் சொல்லும் அந்தக் கதைகளை அங்கே 'புங்கா வாரி' என்பார்கள். நம்ம பக்கத்துக் கதைகளில் அந்த நீதி வரி எங்கே என்றும் கேட்டிருந்தாய்.

அதற்குப் பதிலாக முத்துப்பட்டன் கதையைச் சொல்கிறேன். கோயில் கொடை விழாக்களில் வில்லுப்பாட்டாகப் பாடுவது. பட்டன் பிராமண வீட்டுக் கடைசிப் பிள்ளை. பாபநாசத்து மலைக்காட்டில் பொம்மக்கா, திம்மக்கா என்ற அக்கா தங்கை மேல் ஆசை வைத்தான். அவர்கள் அப்பா வாலப்பகடை செருப்புத் தைக்கிறவர். பெண் கேட்டு வந்தவனிடம் அவர் என்ன சொன்னார் தெரியுமா? பூணூலை அறு, குடுமியை எடு, உன் கையால் செருப்புத் தைத்துக் கொண்டுவா. பட்டன் தைத்தான். மேடையில் இந்த இடம் வரும்போது வீசுகோல் வில்லின் நாணில் விழுந்து மணி குலுங்கும். பக்கப்பாட்டுக்காரர் "ஆமா" என்பார். தாழ்ந்தவர் என்று ஊர் ஒதுக்கிய மனிதர் நிபந்தனை போடுகிறார், உயர்ந்தவன் என்று வளர்ந்தவன் தொழில் படிக்கிறான். எத்தனை முறை கேட்டாலும் எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

கல்யாண இரவிலேயே மாடுகளைத் திருடர்கள் ஓட்டிப்போனார்கள். மீட்கப் போன பட்டனை ஒளிந்திருந்த ஒருவன் குத்திக் கொன்றான். பெண்கள் இருவரும் அவன் சிதையில் ஏறினார்கள். அந்த முடிவு எனக்கு ஒப்பாது, தாயி. கதையில் இருப்பது எல்லாமே நாம் செய்வதற்காக அல்ல.

நாங்குநேரியில் பிறந்த ஆய்வாளர் நா. வானமாமலை 1971இல் இந்தக் கதையைப் பதிப்பித்தார். அந்தப் பெண்கள் பிறப்பால் பிராமணக் குழந்தைகள், காட்டில் கிடந்தவர்களை வாலப்பகடை எடுத்து வளர்த்தார் என்று வரும் பகுதி பிறகு சேர்த்தது என்று அவர் எடுத்துக்காட்டினார். அதை நம்பினால் பட்டன் சாதி மீறியதே இல்லை என்று ஆகிவிடும். பழைய கதை யாரையோ அவ்வளவு உறுத்தியிருக்கிறது. இனி எந்தக் கதையைக் கேட்டாலும், இதில் யார் கை வைத்திருப்பார்கள் என்று யோசி.

ஆடி அமாவாசைக்கு வா. காரையாற்றுச் சொரிமுத்து ஐயனார் கோயிலுக்குப் போவோம். செருப்பை வாசலில் விட்டுவிட்டு வா என்று சொல்லி வளர்த்த பிள்ளை நீ. ஆனால் அங்கே பட்டவராயன் என்று கும்பிடப்படும் நம் பட்டனின் சந்நிதிக்குத் தோல் செருப்பையே காணிக்கையாகக் கொண்டுவருவார்கள். தாமிரபரணியில் முங்கிவிட்டு, அந்தச் செருப்புகளைப் பக்கத்தில் நின்று பார்.

உன் ஆச்சி