வாலின் நிறத்தை நம்பலாமா?

கேள்வி: நோதோபிராங்கியஸ் ஃபுர்சேரி என்ற ஆப்பிரிக்க மீனில் சிவப்பு வால், மஞ்சள் வால் என இரண்டு உண்டாமே, இரண்டும் வெவ்வேறு இனங்களா?

பதில்: இல்லை, ஒரே இனம்தான். ஆண் மீன்களில்தான் இந்த வேறுபாடு: சிலவற்றுக்கு வால் சிவப்பு, சிலவற்றுக்குக் கறுப்பு ஓரமிட்ட மஞ்சள். பெண் மீன்கள் மங்கலான நிறம். அவற்றைப் பார்த்து இனம் பிரிப்பது தலைவலி!

நோதோபிராங்கியஸ் என்ற பேரினத்தை 1868இல் ஜெர்மானியரான பீட்டர்ஸ் நிறுவினார். செதில், துடுப்புக் கதிர்களை எண்ணுவதும் ஆணின் நிறத்தைப் பார்ப்பதுமே நெடுங்காலம் அளவுகோல். பிறகு டி.என்.ஏ. வந்தது. ஃபுர்சேரி 1971இலேயே பெயர் பெற்றுவிட்டது. அதன் நெருங்கிய உறவான, மொசாம்பிக்கின் கட்லெசி தனி இனமானது 2010இல்தான்.

இவை வாழ்வது மழைக்காலக் குட்டைகளில். நீர் வற்றினால் மீன்கள் செத்துவிடும், முட்டைகள் மட்டும் சேற்றில் பிழைத்திருக்கும். குட்டைக்குக் குட்டை தொடர்பு குறைவு. கிளை இனங்கள் பிரிய இது தோது.

குடும்பத்தையும் மாற்றிவிட்டார்கள். முன்பு தென்னிந்திய நீர்நிலைகளில் உள்ள அப்ளோகைலஸ் மீன்களோடு ஒரே குடும்பத்தில் வைத்திருந்தார்கள். இப்போது ஆப்பிரிக்க மீன்களுக்கு நோதோபிராங்கிடே என்று தனிக் குடும்பம். எனக்கு இது சரியாகவே படுகிறது.