கொள்ளேகால் தரைப்பல்லி

கேள்வி: மாதேஸ்வரன் மலையில் இரவு தங்கியபோது, ஒரு கல்லைப் புரட்டியதும் விரலளவுள்ள புள்ளிப் பல்லி ஒன்று ஓடிற்று. சுவர் அருகிலிருந்தும் ஏறவில்லை. அது விஷ ஜந்துவா?
– வாசகர், மேட்டூர்

பதில்: நம் தேசத்துப் பல்லிகளில் எதற்கும் விஷம் கிடையாது, ஆகவே அச்சம் வேண்டாம். தாங்கள் கூறும் லட்சணங்கள் கொள்ளேகால் தரைப்பல்லிக்குப் பொருந்துகின்றன. சென்னை ராஜதானியின் வனத்துறைத் தலைவராக விளங்கிய பெடோம் என்பவர், அன்று கோயம்புத்தூர் ஜில்லாவைச் சேர்ந்திருந்ததும் 1956-இல் மைசூர் ராஜ்யத்துடன் இணைக்கப்பட்டதுமான கொள்ளேகாலின் பெயரையே இதற்குச் சூட்டி, 1870-இல் சாஸ்திர உலகுக்கு அறிமுகம் செய்தார்.

வீட்டுப் பல்லியின் விரல்களின் அடியில் விசிறிபோல் விரிந்த பட்டைகள் உண்டு. அவற்றில் செறிந்திருக்கும், கண்ணுக்குப் புலனாகாத நுண்மயிர்களே அதைச் சுவரில் நிறுத்துகின்றன. இந்தப் பிராணிக்கோ அப்பட்டைகள் இல்லை. மெலிந்த விரல்களும் நகங்களுமே உள்ளன. பகலெல்லாம் கல்லின் அடியிலும் சருகிலும் பதுங்கியிருந்து, இரவில் வெளிப்பட்டுப் பூச்சிகளை உண்கிறது. இமைகள் அசையாதாகையால், கண்ணில் படியும் தூசியை நாவினாலேயே துடைத்துக்கொள்ளும். அந்தக் காட்சி மிக அழகானது.

வறண்ட பாறை நிலத்தில் அந்தக் கல்லின் நிழலும் ஈரமுமே அதற்கு ஆதாரம். மாதேஸ்வரன் மலைக் காடுகள் 2013 முதல் வனவிலங்குச் சரணாலயமாக இருப்பது பெரிய விலங்குகளுக்காக மட்டுமன்று. அடுத்த முறை கல்லைப் புரட்ட நேர்ந்தால், தயைகூர்ந்து இருந்தபடியே திருப்பி வைத்துவிடுங்கள்.