மழைக்கு முன் வெண்டை, மழைக்குள் தக்காளி நாற்று

விதைப் பொட்டலத்தில் ‘ஆண்டு முழுவதும் விதைக்கலாம்’ என்று போட்டிருக்கும். தாம்பரம், சேலையூர், முடிச்சூர், வண்டலூர் பக்கம் அதை நம்பி இறங்க முடியாது. குளிர்நாட்டுக்காரர்கள் கடைசி உறைபனி விழும் நாளை வைத்துப் பின்னோக்கி எண்ணி விதை போடுகிறார்கள். நமக்கு உறைபனி இல்லை, ஆனால் இரண்டு எல்லைகள் உண்டு: அக்டோபர் மூன்றாம் வாரவாக்கில் தொடங்கும் வடகிழக்குப் பருவமழை, மார்ச் பிற்பாதியில் ஏறி அக்கினி நட்சத்திரத்தில் உச்சம் தொடும் வெயில். இவற்றிலிருந்து பின்னோக்கி எண்ணினால் நாள் தானாகத் தெரிந்துவிடும்.

1. விதைகளைப் பிரியுங்கள்

தக்காளி, கத்திரி, மிளகாய் மூன்றும் நாற்றுவிட்டு நட வேண்டியவை. தக்காளி நாற்று 25 நாளில் தயாராகும். கத்திரிக்கு 30 முதல் 35 நாள், மிளகாய்க்குச் சுமார் 40 நாள். வெண்டை, கொத்தவரை, அவரை, பாகல், புடலை, பீர்க்கு, முள்ளங்கி, கீரை ஆகியவற்றை நேரடியாக ஊன்றலாம்.

2. ஆடிப்பட்டம்: ஜூலை நடுவிலிருந்து ஆகஸ்ட் நடு வரை

மாலை இடிமழை மண்ணை ஈரமாக வைத்திருக்கும் காலம் இது. வெண்டை 45 முதல் 50 நாளில் காய்க்கும். ஆடியில் ஊன்றினால் பெருமழைக்கு முன் பல பறிப்பு எடுத்துவிடலாம். பாகல் விதையின் தோல் கடினம், இரவு முழுக்க ஊற வையுங்கள். பந்தல் அவரையையும் இப்போதே ஊன்றுங்கள். மழையில் கொடி படர்ந்து, பகல் குறுகும் பனிக்காலத்தில் பூக்கும். கத்திரி, மிளகாய் விதையை ஜூலை தொடக்கத்திலேயே தட்டில் போட்டால், ஆகஸ்டில் நட்டு மழைக்கு முன் வேர் பிடிக்க வைக்கலாம்.

3. ஐப்பசியில் தரையில் விதைக்காதீர்கள்

2015 டிசம்பர் 1-ஆம் தேதி மழையில் தாம்பரத்தில் ஒரே நாளில் 49 சென்டிமீட்டர் பதிவானது. அவ்வளவு பெய்ய வேண்டியதில்லை. சாதாரண அடைமழையே கீரை விதையை அடித்துக்கொண்டு போய்விடும். முடிச்சூர், வரதராஜபுரம் போன்ற தாழ்வான இடங்களில் மாடியே மேல். பைகளைச் செங்கல்மேல் தூக்கி வைத்து, அடித்துளைகள் அடைபடாமல் பாருங்கள்.

4. கார்த்திகையில் தக்காளித் தட்டு

பலர் தவறவிடும் கட்டம் இதுதான். தைப்பட்டத் தக்காளி என்பதால் தை பிறக்கட்டும் என்று காத்திருப்பார்கள். தையில் விதைத்தால் நடவு பிப்ரவரியில், பூ மார்ச் கடைசியில். பகல் வெப்பம் 35 டிகிரியைத் தாண்டி, இரவும் ஆறாவிட்டால் பூ பிஞ்சாகாமல் உதிரும். வெளியே மழை பெய்தாலும் குழித்தட்டு போர்ட்டிகோவில் பத்திரமாக இருக்கும். எனவே நவம்பர் கடைசி வாரத்தில் விதையுங்கள்.

நன்றாக அலசிய தென்னை நார்க்கழிவு இரண்டு பங்கு, மண்புழு உரம் ஒரு பங்கு கலந்து குழிகளை நிரப்புங்கள். குழிக்கு ஒரு விதை, அரை சென்டிமீட்டர் ஆழம் போதும். மழைக்கால ஈரத்தில் நாற்றழுகல் வரும்; விதைக்கும் முன் சிட்டிகை டிரைக்கோடெர்மா விரிடி தூளில் புரட்டிவிடுங்கள். போர் தண்ணீர் உப்பாக இருந்தால் பிடித்துவைத்த மழைநீரைத் தெளியுங்கள். முளை தெரிந்ததும் வெளிச்சத்துக்கு மாற்றாவிட்டால் நாற்று நெடுநெடுவென வளர்ந்து சாயும். டிசம்பர் கடைசியில் நட்டால் பிப்ரவரிக் குளிரிலேயே காய் பிடிக்கும்.

5. மார்கழி, தை

மழை ஓய்ந்ததும் முள்ளங்கி, பீட்ரூட் விதையுங்கள். பொங்கலை ஒட்டி வெண்டை, கொத்தவரை, வெள்ளரி. கீரை விதையை மணலோடு கலந்து தூவினால் ஒரே இடத்தில் குவியாது. எறும்பு இழுக்காமலிருக்க, சற்றுத் தள்ளி அரிசிக் குருணை தூவுங்கள்.

6. சித்திரை, வைகாசி

நிழல்வலைக்கு அடியில் தண்டுக்கீரை மட்டும் போதும். மீதி விதைகளைக் காற்றுப் புகாத டப்பாவில் போட்டு ஃபிரிட்ஜில் வையுங்கள். ஜூனில் ஒவ்வொன்றிலும் பத்து விதையை ஈரத்துணியில் முடிந்து பாருங்கள். ஏழுக்குக் குறைவாக முளைத்தால் குழிக்கு இரண்டாகப் போடுங்கள். பாதிகூட முளைக்கவில்லை என்றால், ஆடி பிறக்கும்முன் புது விதை வாங்கிவிடுங்கள்.