இலகுவான விண்டோஸும் இல்லாமற்போன காவலும்

எங்கள் வீட்டு மடிக்கணினி பழையது. வாப்பாவின் கடைக் கணக்கும் எனது ஒப்படைகளும் அதிலேதான் இருக்கின்றன. விண்டோஸ் 10 இற்கான வழமையான ஆதரவை மைக்ரோசொஃப்ட் நிறுவனம் 2025 ஒக்டோபர் 14ஆம் திகதியுடன் நிறுத்தியது. விண்டோஸ் 11 இற்கு மாற டி.பி.எம். 2.0 என்ற பாதுகாப்பு வசதி வேண்டும். எங்கள் கணினியில் அது இல்லை. ஆகவே நானா எங்கிருந்தோ ஓர் "இலகு விண்டோஸ்" கொண்டுவந்து நிறுவினார். கணினி முன்னரைவிட விரைவாக இயங்கியது. எல்லோருக்கும் சந்தோசம்.

"நானா, இதுல டிஃபெண்டர் எங்க?" என்று கேட்டேன்.

"அது இருந்தா மெஷின் சுணங்கும். அதான் எடுத்திருக்காங்க."

அந்தப் பதில்தான் என்னைத் தேட வைத்தது.

மைக்ரோசொஃப்ட் வெளியிடும் நிறுவற் கோப்பை யாரோ ஒருவர் பிரித்து, தேவையற்றவை எனத் தாம் கருதுவனவற்றை நீக்கி, மீண்டும் பொதிசெய்வதே இத்தகைய பதிப்பு. விளம்பரங்களும் விளையாட்டுகளும் நீங்குவது நல்லதே. ஆனால் சில பதிப்புகளில் வைரஸ் காவலனும் மாதாந்தப் பாதுகாப்பு இற்றைப்படுத்தல்களும் சேர்ந்தே நீங்கிவிடுகின்றன. காற்று வரட்டும் என்று வாசற்கதவைக் கழற்றி வைப்பது போன்றது இது.

நீக்கியதைவிடச் சேர்த்தது ஆபத்தானது. 2023 ஜூனில் டொக்டர் வெப் என்ற வைரஸ் எதிர்ப்பு நிறுவனம், அதிகாரபூர்வமற்ற சில விண்டோஸ் 10 பதிப்புகளில் ஒரு திருட்டு நிரலைக் கண்டுபிடித்தது. கணினியைத் தொடக்கிவைக்கும் ஈ.எஃப்.ஐ. பகுதியையே அது பயன்படுத்திக்கொண்டது. பாவனையாளர் பிரதிசெய்யும் மின்னாணயக் கணக்கு முகவரியை, திருடனின் முகவரியாக அது மாற்றிவிடும்.

கோப்பு அசலா என அறிய ஒரு வழி உண்டு. ஷா-256 என்ற கணிப்பு, எந்தக் கோப்பிற்கும் 64 எழுத்து, இலக்கங்கள் கொண்ட ஒரு கைரேகையைத் தரும். கோப்பில் ஒரு புள்ளி மாறினாலும் கைரேகை முழுதாக மாறிவிடும். திருத்திய பதிப்பின் கைரேகை மைக்ரோசொஃப்ட் தரும் கைரேகையுடன் ஒருபோதும் பொருந்தாது. திருத்தியவரே ஒரு கைரேகை தந்தாலும், அது அவர் பொதிசெய்த கோப்புத்தான் என்பதை மட்டுமே காட்டும். அதற்குள் இருப்பது நல்லதா என்பதைக் காட்டாது.

இதையெல்லாம் நானாவிடம் காட்டினேன். "எத்தனையோ பேர் பாவிக்கிறாங்களே" என்றார். பிறகு அவரே கோப்புகளைப் பிரதியெடுத்து, வன்தட்டை முழுவதுமாக அழித்தார். லினக்ஸ் மின்ட்டை அதன் சொந்தத் தளத்திலிருந்து இலவசமாகப் பதிவிறக்கி, கைரேகையைச் சரிபார்த்து நிறுவினோம். கடவுச்சொற்களையும் மாற்றினோம். பழக எனக்குச் சில நாட்கள் எடுத்தன.

வாப்பாவின் கணக்கில் கடன் வாங்கியோரின் பெயர்களும் இருக்கின்றன. அவை எம்மிடம் உள்ள அமானிதம். முன்பின் அறியாத ஒருவர் பொதிசெய்த பெட்டிக்குள் அதை வைக்க எமக்கு உரிமை இல்லை.