புள்ளிக்குப் பின் வரும் இலக்கம்

அன்புள்ள தங்கைக்கு,

மெடிக்கல் கோடிங் பயிற்சி முடிந்து அமெரிக்க மருத்துவமனைகளின் அவசரப் பிரிவு சார்ட்டுகள் உன் கைக்கு வரத் தொடங்கிவிட்டதில் மகிழ்ச்சி. எலும்பு முறிவுக் கோட்கள் பிடிபட்டுவிட்டன, வெளிக்காரணக் கோட்களைத்தான் ஆடிட்டர் திருப்பித் திருப்பி அனுப்புகிறார் என்று எழுதியிருந்தாய். "பணமே வராத கோடுக்கு இவ்வளவு அக்கப்போரா அக்கா?" என்றும் கேட்டிருந்தாய்.

நியாயமான கேள்விதான். அமெரிக்காவில் அதை எழுதியே தீர வேண்டும் என்று நாடு தழுவிய கட்டாயம் கிடையாது. மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால்தான். கிளெய்மில் அது முதல் கோடாக வரவும் கூடாது. ஆனால் எஸ்82 என்று நீ எழுதினால் கீழ்க்கால் எலும்பு முறிந்தது தெரியும். எது மோதி முறிந்தது என்று தெரியாது. அதைச் சொல்வது வி கோட்தான்.

நடந்து போனவருக்கு வி00 முதல் வி09 வரை. மோதியது சைக்கிள் என்றால் வி01, பைக்கோ ஆட்டோவோ என்றால் வி02, கார் அல்லது வேன் வி03, லாரி அல்லது பஸ் வி04. இதில் யாரும் தடுமாறுவதில்லை. சிக்கல் புள்ளிக்கு அடுத்த இலக்கத்தில். பொதுச் சாலையில் நடந்திருந்தால் 1, அதற்கு வெளியே என்றால் 0. டார்கெட் நெருக்கும்போது கை தானாக வி03.10க்குப் போகும். இடம் குறிப்பிடப்படாவிட்டால் பொதுச் சாலை என்றே எடுத்துக்கொள்ள விதியும் இடம் தருகிறது. ஆனால் "குறிப்பிடவில்லை" என்று முடிவுகட்டுமுன் சார்ட்டை முழுதாகப் படித்திருக்க வேண்டும். டாக்டர் "கார் மோதியது" என்று ஒரு வரியோடு விட்டிருப்பார். ஆம்புலன்ஸ் தாளில் "கடை பார்க்கிங்கில் ரிவர்ஸ் எடுத்த கார்" என்று இருக்கும். அந்தத் தாளை எதுவரை எடுத்துக்கொள்ளலாம் என்று கிளையன்ட் விதியைப் பார். டாக்டர் எழுதியதோடு முரண்பட்டால் நீயாகத் தீர்ப்புச் சொல்லாதே, க்வெரி அனுப்பு.

புள்ளிக்கு அடுத்து வரும் அந்த 0 ஏன் முக்கியம் என்று சொல்கிறேன். அமெரிக்க வீடுகளில் தெருவிலிருந்து கராஜ் வரை ஒரு டிரைவ்வே இருக்கும். அது வீட்டுக்காரரின் சொந்த இடம். பின்னோக்கி வரும் காரில் சின்னக் குழந்தைகள் அடிபடுவது அங்கேதான் அதிகம். ஓட்டுவது பெரும்பாலும் வீட்டு மனிதர்களே. சாலை மரணங்களைத் தொகுக்கும் அந்நாட்டு அரசின் கணக்கோ பொதுச் சாலைகளோடு நின்றுவிடும். ஆகவே இந்தக் குழந்தைகள் அதில் வரவில்லை. சாலைக்கு வெளியே நடப்பதை எண்ணத் தனி ஏற்பாடு செய்தபோது, மரணச் சான்றிதழ்களையும் அவசரப் பிரிவுப் பதிவுகளையும்தான் தேட வேண்டியிருந்தது. 2008இல் இதற்கென்று ஒரு சட்டம் கையெழுத்தானது. 2018 மே முதல் புதிய கார்களில் பின்பக்கக் கேமரா கட்டாயமாயிற்று. கோட் போட்டவர்களால் கேமரா வந்தது என்று சொல்லமாட்டேன், போராடியவர்கள் பெற்றோர்கள். ஆனால் இன்றைக்கும் ஒரு டிரைவ்வே விபத்துக்கு நீ 1 போட்டால், அந்தக் குழந்தை சாலைக் கணக்கில் போய்ச் சேர்ந்துவிடும். இட விவரத்துக்கு ஒய்92.014 இருக்கிறது, அதையும் சேர்த்து எழுது.

யார் பாதசாரி என்பதிலும் நம் நினைப்பு வேறு, கோட் புத்தகம் வேறு. நெடுஞ்சாலை ஓரத்தில் டயர் மாற்றிக்கொண்டிருந்தவர் பாதசாரிதான், கார் அவருடையதாகவே இருந்தாலும். சக்கர நாற்காலியில் போனவரும் அப்படியே. நின்றுகொண்டே ஓட்டும் எலக்ட்ரிக் ஸ்கூட்டரில் வந்தவரும் இந்தக் குடும்பம்தான். அதற்கான தனிக் கோட்கள் 2020 அக்டோபரில் வந்தன. உட்கார்ந்து ஓட்டும் நம்மூர் ஸ்கூட்டரை நினைத்துக்கொண்டு அவரை மோட்டார் சைக்கிள் பக்கம் தள்ளிவிடாதே.

கோடின் ஏழாவது இடத்தில் வரும் ஏ என்ற எழுத்தைப் பற்றி ஆடிட்டர் சொன்னது சரி. முதல் வருகை என்று அதற்குப் பொருளில்லை. காயத்துக்கான நேரடிச் சிகிச்சை (ஆக்டிவ் ட்ரீட்மென்ட்) நடக்கும்வரை ஏதான், மூன்றாவது டாக்டர் பார்த்தாலும். இடம், செயல்பாடு, பணிநிலை சொல்லும் ஒய்92, ஒய்93, ஒய்99 ஆகியவை மட்டும் முதல் முறையோடு சரி.

மோதிவிட்டு நிற்காமல் போன வண்டி, நினைவில்லாத நோயாளி, சாட்சியும் இல்லை. இப்படி ஒரு சார்ட் வந்தால் "அமெரிக்காதானே, காராகத்தான் இருக்கும்" என்று வி03 போடாதே. மோட்டார் வண்டி என்பது மட்டும் தெரிந்தால் வி09.2, அதுவும் தெரியாவிட்டால் வி09.3. தேடிப் பார்த்தபின் போடும் அந்தக் கோட்களைக் குறைவாக நினைக்க வேண்டாம். தேடாமல் போடுவதுதான் வழக்கமாக நடப்பது, ஆடிட்டரின் கோபமும் அங்கேதான்.

2022இல் அமெரிக்கச் சாலைகளில் 7,500க்கும் மேற்பட்ட பாதசாரிகள் இறந்தார்கள். பிழைத்தவர்கள் அதைவிடப் பல மடங்கு. அவர்களில் பலருடைய சார்ட்டுகள் உன்னைப் போன்றவர்களின் திரையில்தான் திறக்கின்றன.

வி பகுதியின் தொடக்கத்தில் பாதசாரி, பொதுச் சாலை, போக்குவரத்து விபத்து ஆகியவற்றுக்கான வரையறைகள் இருக்கும். பயிற்சியில் எல்லோரும் தாண்டிப்போகும் பக்கம். இந்த வாரம் அதைப் படித்துவிடு. அடுத்த ஆடிட்டில் உனக்கு உடன்பாடில்லை என்றால், சார்ட்டில் எந்த வரி, புத்தகத்தில் எந்த வரையறை என்று இரண்டையும் காட்டி மறுப்பு எழுது. தயங்காதே, ஆடிட்டர்களும் தோற்பதுண்டு.

அன்புடன்,
உன் அக்கா