வேலை போனால் எந்தக் கதவைத் தட்டுவது?

கோல சிலாங்கூரிலிருந்து சபாக் பெர்ணம் வரை, ஒரே தோட்டத்தில் வளர்ந்த பிள்ளைகளில் ஒருவர் இன்று அரசு ஆசிரியர், ஒருவர் நகராண்மைக் கழக ஊழியர், இன்னொருவர் செம்பனைத் தோட்டத்தில் குலை வெட்டுபவர். வேலை நீக்கக் கடிதம் வந்தால் மூவருக்கும் வழி ஒன்றல்ல.

நம்பிக்கை: வேலை நீக்கம் என்றால் யாரும் தொழிலியல் நீதிமன்றம் போகலாம்.

உண்மை: 1967ஆம் ஆண்டின் தொழிலியல் உறவுச் சட்டம், 52ஆவது பிரிவில், அரசு ஊழியரையும் ஊராட்சி மன்ற ஊழியரையும் பொதுவாக விலக்கி வைக்கிறது. ஒழுங்கு வாரியத்தின் தண்டனையை எதிர்க்கும் கூட்டரசு ஊழியர், துறைத் தலைவர் வழியாக 14 நாளுக்குள் மேல்முறையீட்டு வாரியத்துக்கு எழுத வேண்டும். உயர் நீதிமன்றச் சீராய்வுக்கு மனுச் செய்ய, முடிவு தெரிவிக்கப்பட்டதிலிருந்து மூன்று மாதம் உண்டு.

நம்பிக்கை: அரசு மருத்துவமனையில் கூட்டிப் பெருக்குபவரும் அரசு ஊழியர்தான்.

உண்மை: அந்தத் துப்புரவுப் பணி தனியார் குத்தகையில் நடக்கிறது. சம்பளச் சீட்டின் தலைப்பைப் பாருங்கள். அங்கே கம்பெனி பெயர் இருந்தால் அவர் தனியார் தொழிலாளி. தோட்டத் தொழிலாளிக்குள்ள அதே வழி அவருக்கும் உண்டு.

நம்பிக்கை: நேரே ஹைகோர்ட்டுக்குப் போனால் சீக்கிரம் முடியும்.

உண்மை: சட்டம் மேல்முறையீட்டுக்கு ஓர் இடம் வைத்திருந்தால், "முதலில் அங்கே போ" என்பதுதான் நீதிமன்றத்தின் வழக்கமான பதில். வருமான வரி தொடர்பான ஜக்டிஸ் சிங் வழக்கில் 1987இல் மலேசிய உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. இயற்கை நீதி அப்பட்டமாக மீறப்பட்டது போன்ற நிலைகளுக்கு மட்டும் விலக்கு உண்டு. இந்தியாவிலும் 1997இல் சந்திர குமார் வழக்கில், நிர்வாகத் தீர்ப்பாயத்தின் வரம்புக்குள் வரும் அரசுப் பணியாளர் முதலில் அங்கேதான் போகவேண்டும் என்று தீர்ப்பானது. இலங்கையில் பொதுச் சேவை ஆணைக்குழுவின் முடிவுகளுக்கு எதிரான மேன்முறையீடுகளைக் கேட்க, 2002ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் தனி நியாயசபையே இருக்கிறது.

நம்பிக்கை: யூனியன் மேனேஜரிடம் பேசிக்கொண்டிருக்கும்வரை நாள் கணக்கு ஓடாது.

உண்மை: ஓடும். தனியார் தொழிலாளி வேலை நீக்கப்பட்ட 60 நாளுக்குள் தொழிலியல் உறவுத் துறையில் மனுக் கொடுத்தாக வேண்டும். இத்தகைய கெடு கண்டிப்பானது என்று 1981இலேயே ஃபங் கியோங் ரப்பர் வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் சொல்லிவிட்டது. தொழிலியல் உறவுத் துறையில் சமரசம் ஆகாவிட்டால், 2021 முதல் அமைச்சரின் முடிவுக்குக் காத்திராமல் வழக்கு தொழிலியல் நீதிமன்றத்துக்கு அனுப்பப்படுகிறது.

நம்பிக்கை: லேபர் ஆபீஸில் புகார் கொடுத்தாயிற்று, அது போதும்.

உண்மை: லேபர் ஆபீஸ் சம்பளப் பாக்கி, ஓவர்டைம், ஆள்குறைப்புப் பணம் போன்றவற்றுக்கு. போன வேலையைத் திரும்பக் கேட்பது அங்கே முடியாது.

ஆகவே கடிதம் வந்த அன்றே மூன்று காரியம் செய்யுங்கள்: நியமனக் கடிதத்தில் முதலாளி யார் என்று பாருங்கள், நீக்கப்பட்ட தேதியைக் குறித்து வையுங்கள், மனுவின் நகலில் அலுவலக முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். உங்கள் பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தாலும், கெடு தாண்டிய மனுவுக்கு அந்த நியாயத்தை எடுத்துச் சொல்லும் வாய்ப்பே கிடைக்காமல் போகலாம்.