மனைவியின் சம்பளம் யாருக்குச் சொந்தம்?



சென்ற வாரம் ஒரு சகோதரி பள்ளிவாசல் அலுவலகத்திற்கு வந்தார். விளக்குத்தூண் பக்கம் ஒரு ஜவுளிக்கடையில் வேலை. காலையில் போனால் வீடு திரும்ப இரவு ஒன்பது மணி. "ஹஜ்ரத், என் சம்பளத்துல எங்கம்மாவுக்கு மருந்து வாங்க ஐநூறு ரூபா கொடுத்தேன். என் மாப்பிள்ளைக்குத் தெரியாது. இது பாவமா?" என்று கேட்டார்.

உழைத்தவர் அவர். திருடியவரைப் போலத் தலைகுனிந்து நிற்கிறார்!

அல்லாஹ் சூரத்துந் நிஸாவின் 32ஆம் வசனத்தில், ஆண் சம்பாதித்ததில் ஆணுக்கும் பெண் சம்பாதித்ததில் பெண்ணுக்கும் பங்கு உண்டு என்கிறான். இப்னு மஸ்ஊத் (ரலி) அவர்கள் வசதி குறைந்தவர். அவர் மனைவி ஜைனப் (ரலி) கையில் பொருள் இருந்தது. "கணவருக்கும், என் பொறுப்பில் உள்ள அநாதைகளுக்கும் செலவழித்தால் அது தர்மமாகுமா?" என்று பிலால் (ரலி) மூலம் நபி (ஸல்) அவர்களிடம் கேட்டனுப்பினார். ஆகும், இரண்டு கூலி உண்டு என்று பதில் வந்தது. உறவைப் பேணியதற்கு ஒன்று, தர்மத்திற்கு ஒன்று. புகாரியில் இருக்கிறது. கவனியுங்கள்: மனைவி கணவனுக்குக் கொடுப்பது தர்மம். தர்மத்தை யாரும் அதட்டி வாங்க முடியாது. மனைவி செல்வந்தராக இருந்தாலும் அவருக்கு உணவு, உடை, இருப்பிடம் கொடுப்பது கணவன் மீதே கடமை.

நம் தமிழ்நாட்டில் 2021 முதல் நகரப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணமில்லை. காலையில் பெரியார் நிலையத்தில் நின்று பாருங்கள், எத்தனை பெண்கள் வேலைக்குப் போகிறார்கள் என்று. 2023 செப்டம்பர் முதல் மாதம் 1000 ரூபாய் வருகிறது. அதற்கு உதவித்தொகை என்று பெயர் வைக்கவில்லை, உரிமைத்தொகை என்று வைத்தார்கள். அந்த ஏடிஎம் கார்டு உங்கள் வீட்டில் யார் சட்டைப்பையில் இருக்கிறது? (சிலர் சிரிக்கிறீர்கள். பதில் தெரிந்துவிட்டது.)

இன்னொன்று. பெண்ணுக்கு வெளிவேலை கூடியது, வீட்டுவேலை குறையவில்லை. இரவு ஒன்பது மணிக்கு வந்து அவர் தோசை ஊற்றுகிறார், நாம் செல்போனைத் தடவிக்கொண்டு சட்னிக்குக் காத்திருக்கிறோம். நபியவர்கள் வீட்டில் என்ன செய்வார்கள் என்று ஆயிஷா (ரலி) அவர்களிடம் கேட்கப்பட்டது. குடும்பத்தாரின் வேலைகளில் ஈடுபட்டிருப்பார்கள், தொழுகை நேரம் வந்தால் தொழுகைக்குப் புறப்படுவார்கள் என்றார்கள். பள்ளிவாசலில் முதல் ஸஃப்பில் நிற்கும் நாம், இந்த ஹதீஸின் பின்பாதியை மட்டும் எடுத்துக்கொண்டோம்.

அந்தச் சகோதரியிடம், "பாவமில்லம்மா, அது உங்கள் பணம். தாய்க்குக் கொடுத்ததற்கு நன்மை உண்டு" என்றேன். மறுநாள் இஷாவுக்குப் பிறகு கணவர் வந்தார். கோபமாகத்தான் வந்தார். "அப்ப வீட்டு வாடகை?" என்றார். "அது உங்கள் கடமை. அவர் பாதி தந்தால் ஜஸாகல்லாஹ் சொல்லி வாங்கிக்கொள்ளுங்கள்" என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, மாமியாருக்கு என்ன மருந்து என்று தனக்கே தெரியாது என்றார்.

சகோதரிகளிடம் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கி அவர்களுடைய சொத்துப் பங்கை மறுப்பது பற்றி அடுத்த ஜும்ஆவில் பார்ப்போம், இன்ஷா அல்லாஹ்.